தொலைநோக்கியும் ஐதராபாத்தின் நட்சத்திர அளவையும்

தொலைநோக்கி என்றவுடன் வியாழனின் உபகிரகங்களும், சனியின் வளையமும், புதிதாகக் கண்டறியப்பட்ட கிரகங்களும் நினைவுக்கு வருவது இயல்பு. பள்ளிப் பாட நூல்களிலும் இவையே முதலிடம் பெறுகின்றன. எனினும் தொலைநோக்கியால் விளைந்த நன்மைகளுள் பெரும் பகுதி, ஓர் இரவில் நிகழ்ந்த கண்டுபிடிப்புகளால் வந்ததன்று. வானத்தின் ஒரு பகுதியை எடுத்துக்கொண்டு, அதிலுள்ள நட்சத்திரங்களின் இடங்களை ஆண்டுக்கணக்காகச் சலிப்பின்றி அளந்து எழுதி வைத்தவர்களின் உழைப்பால் வந்தது. அத்தகைய வேலை ஒன்று ஐதராபாத் நகரில் 20ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் நடைபெற்றது. அவ்வேலையின் முழுப் பயன் 2000ஆம் ஆண்டில்தான் உலகத்தின் கைக்கு வந்தது.

கருவியின் தத்துவம்

தொலைநோக்கி பொருள்களைப் பெரிதாக்கிக் காட்டும் கருவி என்பது பொதுவான எண்ணம். பெரிதாக்குவது அதன் வேலைகளுள் ஒன்றுதான். முதன்மையான வேலை ஒளியைத் திரட்டுவதாகும். ஒரே மழையில் முற்றத்தில் ஒரு செம்பையும் அகன்ற அண்டாவையும் வைத்தால், அண்டாவில் மிகுந்த நீர் சேர்கிறது. மழை இரண்டுக்கும் ஒன்றே. வாயின் அகலமே வேறுபாட்டிற்குக் காரணம். நட்சத்திர ஒளியும் இவ்வாறே. இருட்டில் விரிந்த மனிதக் கண்மணியின் குறுக்களவு ஏறத்தாழ 7 மில்லிமீட்டர். 15 அங்குலக் குறுக்களவுள்ள தொலைநோக்கி கண்ணைப்போல் ஏறக்குறைய 3,000 மடங்கு ஒளியைத் திரட்டும். 48 அங்குலத் தொலைநோக்கி ஏறக்குறைய 30,000 மடங்கு திரட்டும். கண்ணுக்குப் புலப்படாத மங்கிய நட்சத்திரங்கள் கருவியின் வழியே தெரிவதற்குக் காரணம் இதுவே.

ஒளியைத் திரட்டுவதற்கு இரண்டு வழிகள் உண்டு. குவிலென்ஸைப் பயன்படுத்துவது ஒன்று. குழிவான ஆடியைப் பயன்படுத்துவது மற்றொன்று. லென்ஸை அதன் விளிம்பில் மட்டுமே தாங்க முடியும். ஆதலால் அது பெரிதாகும்போது தன் எடையாலேயே சற்று வளைந்துவிடுகிறது. ஆடியையோ பின்புறம் முழுவதும் தாங்கலாம். இக்காரணத்தால் இன்றைய பெரிய தொலைநோக்கிகள் அனைத்தும் ஆடி வகையைச் சேர்ந்தவையாக உள்ளன.

முதற் கண்டுபிடிப்புகளும் தென்னாடும்

1608ஆம் ஆண்டில் ஹாலந்து நாட்டில் மூக்குக்கண்ணாடி செய்யும் தொழிலைக் கொண்டிருந்த லிப்பர்ஷே என்பவர் தொலைநோக்கிக்கு உரிமைப் பட்டயம் கோரி விண்ணப்பம் செய்தார். அடுத்த ஆண்டில் இத்தாலியில் கலீலியோ தாமே ஒரு கருவியைச் செய்து வானத்தை நோக்கித் திருப்பினார். 1610 ஜனவரியில் வியாழனைச் சுற்றிவரும் நான்கு உபகிரகங்களை அவர் கண்டார். வானிலுள்ள பொருள்கள் யாவும் பூமியையே சுற்றுகின்றன என்ற கொள்கை இதனால் பெரிதும் ஆட்டம் கண்டது. 1668இல் நியூட்டன் ஆடி வகைத் தொலைநோக்கியைச் செய்தார். 1781இல் வில்லியம் ஹெர்ஷல் தாம் செய்த ஆடித் தொலைநோக்கியைக்கொண்டு யுரேனஸ் கிரகத்தைக் கண்டுபிடித்தார்.

இந்தியாவிற்கும் இக்கருவி விரைவிலேயே வந்து சேர்ந்தது. 1651இல் சூரத் நகரில் ஜெரமையா ஷேக்கர்லி என்ற ஆங்கிலேயர், புதன் கிரகம் சூரிய பிம்பத்தைக் கடந்து சென்றதைத் தொலைநோக்கியால் கண்டார். 1689 டிசம்பரில் புதுச்சேரியில் ரிஷோ என்ற பிரெஞ்சுப் பாதிரியார் ஒரு வால்நட்சத்திரத்தை ஆராய்ந்துகொண்டிருந்தபோது, தென்வானில் ஒளிரும் ஆல்ஃபா சென்டாரி என்னும் நட்சத்திரம் உண்மையில் இரண்டு நட்சத்திரங்கள் என்பதைக் கண்டறிந்தார். சூரியனுக்கு மிக அண்மையில் உள்ள நட்சத்திரக் குடும்பம் இதுவே என்பது பிற்காலத்தில் தெரியவந்தது.

சென்னையில் 1786இல் வில்லியம் பெட்ரி என்பவர் தம் சொந்தச் செலவில் ஒரு வானாராய்ச்சி நிலையத்தை அமைத்தார். கிழக்கிந்தியக் கம்பெனி அதனை ஏற்று, 1792இல் நுங்கம்பாக்கத்தில் அதற்குக் கட்டடம் எழுப்பியது. கப்பல்களுக்கும் நில அளவைக்கும் தேவையான தீர்க்கரேகையைத் துல்லியமாக நிர்ணயிப்பதே அதன் முதல் நோக்கம். 1802இல் லாம்டன் பரங்கிமலை அருகே தொடங்கிய பெரும் முக்கோண அளவைக்கும் சென்னை நிலையத்தின் தீர்க்கரேகையே ஆதாரமாயிற்று. நிலத்தை அளப்பவர் தாம் நிற்கும் இடத்தை அறிய நட்சத்திரங்களின் இடங்கள் முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும் என்பதைக் களப்பணியாளர் நன்கு அறிவர்.

1861இல் போக்சன் இங்கிருந்து ஒரு சிறுகோளைக் கண்டுபிடித்தார். ஆசியக் கண்டத்திலிருந்து கண்டறியப்பட்ட முதற் சிறுகோளாதலின் அதற்கு ஆசியா என்றே பெயரிடப்பட்டது. அந்நிலையத்தில் உதவியாளராகப் பணியாற்றிய சிந்தாமணி ரகுநாதாச்சாரி, 1867இல் ஒளி கூடியும் குறைந்தும் மாறுபடும் நட்சத்திரம் ஒன்றைக் கண்டறிந்தார். ஒரே நட்சத்திரத்தின் ஒளியை வெவ்வேறு நாள்களில் எழுதி வைத்து ஒப்பிட்டால்தான் இத்தகைய மாறுதல் புலப்படும். பதிவேடு இல்லாமல் இக்கண்டுபிடிப்பு இல்லை.

வானம் முழுவதையும் படமெடுக்கும் திட்டம்

19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் போட்டோக் கலை வானாராய்ச்சிக்குத் துணையாக வந்தது. கண் ஒரு நட்சத்திரத்தை எவ்வளவு நேரம் உற்று நோக்கினாலும் அது அதிகப் பிரகாசமாகத் தெரிவதில்லை. போட்டோத் தகடோ தன்மேல் விழும் ஒளியை நிமிடக்கணக்கில் சேர்த்து வைத்துக்கொள்ளும். மேலும், தகடு ஒரு நிலையான சாட்சி. ஐயம் ஏற்படுமாயின் எத்தனை ஆண்டுகளுக்குப் பின்னரும் அதனை எடுத்து மறுபடியும் அளக்கலாம்.

1887 ஏப்ரலில் பாரிஸ் நகரில் கூடிய சர்வதேச மகாநாடு, வானம் முழுவதையும் ஒரே முறையில் படமெடுத்து, 11ஆம் ஒளிவகுப்பு வரையுள்ள எல்லா நட்சத்திரங்களின் இடங்களையும் அட்டவணைப்படுத்தத் தீர்மானித்தது. வெறுங்கண்ணுக்குத் தெரியும் கடைசி வகுப்பு 6ஆவது. 11ஆம் வகுப்பு நட்சத்திரம் அதனினும் நூறு மடங்கு மங்கியது. வானம் கிழக்கு மேற்காகப் பட்டைகளாகப் பிரிக்கப்பட்டு, ஏறத்தாழ 20 நிலையங்களுக்குப் பங்கிடப்பட்டது. அவற்றுள் சில நிலையங்கள் ஏற்ற பொறுப்பை நிறைவேற்ற இயலாமல் விட்டுவிட்டன. அவ்வாறு விடப்பட்ட பங்குகளுள் ஒன்றே ஐதராபாத்திற்கு வந்து சேர்ந்தது.

நிஜாமியா வானாராய்ச்சி நிலையம்

ஐதராபாத் சமஸ்தானத்துப் பிரபுக்களுள் ஒருவரான நவாப் ஜஃபர் ஜங் வானாராய்ச்சியில் மிகுந்த ஈடுபாடு கொண்டவர். அவர் கிரப் கம்பெனியார் செய்த 15 அங்குல லென்ஸ் தொலைநோக்கி ஒன்றை விலைக்கு வாங்கினார். 1901இல் நிஜாம் மகபூப் அலிகானின் அனுமதியுடன், நகரின் பிசல்பண்டா பகுதியில் நிஜாமியா வானாராய்ச்சி நிலையத்தை ஏற்படுத்தினார். நட்சத்திரப் படம் எடுப்பதற்குரிய 8 அங்குலக் குக் கருவியும் அந்நிலையத்திற்குக் கிடைத்தது. 1907இல் அவர் காலமானபின் நிஜாம் அரசாங்கம் நிலையத்தை ஏற்றுக்கொண்டு, பேகம்பேட்டைக்கு மாற்றியது. 1908இல் சாட்வுட் என்பவர் அதன் முதல் தலைவராக நியமிக்கப்பட்டார். 1919இல் நிலையம் உஸ்மானியாப் பல்கலைக்கழகத்தின் பொறுப்பில் வந்தது.

ஐதராபாத்திற்கு ஒதுக்கப்பட்ட பட்டை, வான நடுக்கோட்டிற்குத் தெற்கே 17 பாகை முதல் 23 பாகை வரை உள்ளது. முதலில் சிலி நாட்டின் சாந்தியாகோ நிலையத்திற்கு உரியதாக இருந்த பட்டை இது. அனுஷ நட்சத்திரக் கூட்டத்தின் ஒரு பகுதி இதில் அடங்கும். ஐதராபாத்திலிருந்து நோக்கும்போது இப்பட்டை தென்வானில் பாதிக்கு மேற்பட்ட உயரத்தில் கடந்து செல்வதால், படமெடுப்பதற்கு வசதியாக இருந்தது.

1914இல் பொறுப்பேற்ற போகாக் காலத்தில் இவ்வேலை வேகம் பெற்றது. அவர் 1918இல் மறைந்தபின் டி. பி. பாஸ்கரன் நிலையத்தின் பொறுப்பை ஏற்றார். இந்தியர் ஒருவர் இந்நிலையத்தை நடத்தியது இதுவே முதல் தடவை. 1944 வரை, ஏறத்தாழ 26 ஆண்டுகள், அவர் அப்பொறுப்பில் இருந்தார். தென்பட்டையின் வேலை முடிவடையும் நிலையில், ஜெர்மனியின் போட்ஸ்டாம் நிலையத்தால் முடிக்கப்படாமல் நின்ற பங்கில் ஒரு பகுதியும் ஐதராபாத்திற்கு அளிக்கப்பட்டது. வடக்கே 36 பாகை முதல் 39 பாகை வரையுள்ள பட்டை அது. ஏற்ற பங்கை முடித்து, பிறர் விட்ட பங்கையும் ஏற்று முடித்த நிலையம் என்ற சிறப்பு இதனால் நிஜாமியா நிலையத்திற்கு உண்டாயிற்று.

அளந்த முறை

திட்டத்தின் விதிப்படி ஒவ்வொரு தகடும் வானத்தில் இரண்டு பாகை நீளமும் இரண்டு பாகை அகலமும் கொண்ட சதுரத்தைக் காட்ட வேண்டும். தகட்டில் ஒரு மில்லிமீட்டர் வானத்தில் ஒரு கலைக்குச் சமம். ஒரு கலை என்பது பாகையில் 60இல் ஒரு பங்கு. நட்சத்திரங்களைப் படமெடுப்பதுடன், 5 மில்லிமீட்டர் இடைவெளியுள்ள கட்டங்களும் அதே தகட்டில் பதிக்கப்பட்டன. பின்னாளில் தகடு சுருங்கினாலும் விரிந்தாலும் கட்டங்களும் உடன் மாறுமாதலால், அந்தப் பிழையைக் கணக்கிட்டு நீக்கிவிட முடிந்தது. ஒரு தகட்டின் நடுவில் உள்ள பகுதி அடுத்த தகட்டின் மூலையில் வருமாறு எடுக்கப்பட்டதால், ஒவ்வொரு நட்சத்திரமும் இரண்டு தகடுகளில் இடம்பெற்றது. ஓர் அளவு மற்றதைச் சரிபார்த்தது.

இரவில் படமெடுப்பவருக்கு வேலை முடிந்தபின் பகலில் அளப்பவருக்கு வேலை தொடங்கும். அவர் நுண்நோக்கியின் வழியே தகட்டை நோக்கி, ஒவ்வொரு நட்சத்திரமும் தன் கட்டத்தின் ஓரங்களிலிருந்து எவ்வளவு தூரத்தில் உள்ளது என்பதை அளந்து எழுத வேண்டும். கணிப்பொறி இல்லாத காலம் அது. பல லட்சம் அளவுகள் இவ்வாறு கையால் எடுக்கப்பட்டு, கையால் கணக்கிடப்பட்டு, தொகுதி தொகுதியாக அச்சிடப்பட்டன. அளந்தவர்களில் எவரும் தம் பெயரால் ஒரு நட்சத்திரம் வழங்கப்படும் என்று எதிர்பார்த்திருக்க இயலாது.

இத்திட்டத்தைக் குறைகூறியவர்களும் இருந்தனர். உலகின் பிற நிலையங்கள் புதிய பெரிய தொலைநோக்கிகளைக்கொண்டு நட்சத்திரங்களின் இயல்பை ஆராய்ந்துகொண்டிருந்தபோது, இத்தனை பேரின் உழைப்பு வெறும் எண்களை எழுதுவதில் செலவாகிறதே என்பது அவர்கள் கருத்து. திட்டத்தின் மற்றொரு பகுதியான மங்கிய நட்சத்திரங்களின் படங்கள் கடைசிவரை முற்றுப்பெறவில்லை. அட்டவணையின் இறுதித் தொகுதி வெளிவந்தபோது 1964ஆம் ஆண்டு ஆகிவிட்டது. தொகுதிகள் நூலகங்களின் அடுக்குகளில் தூசி படிந்து கிடந்தன.

எழுபது ஆண்டுகளுக்குப் பின் கிடைத்த பயன்

நட்சத்திரங்கள் நிலையானவை அல்ல. ஒவ்வொன்றும் தனக்குரிய திசையில் தனக்குரிய வேகத்தில் செல்கிறது. தொலைவு மிகுதியாதலால் நமக்கு அந்நகர்வு தெரிவதில்லை. எல்லாவற்றிலும் வேகமாக இடம்பெயர்வதாகத் தோன்றும் பார்னார்டு நட்சத்திரம்கூட ஆண்டுக்கு 10 விகலை அளவே நகர்கிறது. 60 விகலை ஒரு கலை ஆதலால், மேற்கூறிய தகட்டில் ஒரு மில்லிமீட்டர் நகர அதற்கு ஏறத்தாழ 6 ஆண்டுகள் ஆகும். ஆண்டுக்கு நூறில் ஒரு விகலை மட்டுமே நகரும் நட்சத்திரங்கள் எண்ணிறந்தவை. அத்தகைய ஒன்று 70 ஆண்டுகளில் தகட்டில் இடம்பெயரும் தூரம், சாதாரணக் காகிதத்தின் கனத்தில் எட்டில் ஒரு பங்குக்கும் குறைவு.

இந்நகர்வை அறிய இரண்டு அளவுகள் வேண்டும். அவற்றிற்கு இடையே நீண்ட காலமும் வேண்டும். இன்றைய அளவைச் சிறந்த கருவிகளால் எடுக்கலாம். 70 ஆண்டுகளுக்கு முற்பட்ட அளவை எக்கருவியாலும் இன்று எடுக்க முடியாது. அப்போதே எவராவது எடுத்து வைத்திருக்க வேண்டும்.

ஐரோப்பிய நாடுகள் 1989 ஆகஸ்டில் விண்ணுக்கு அனுப்பிய ஹிப்பார்க்கஸ் என்னும் செயற்கைக் கோள், 1993 வரை நட்சத்திரங்களின் இடங்களை அளந்தது. அவ்வளவுகளையும் பழைய அட்டவணைகளையும் ஒப்பிட விஞ்ஞானிகள் முற்பட்டபோது, தூசி படிந்த அத்தொகுதிகள் மீண்டும் திறக்கப்பட்டன. எல்லா நிலையங்களின் எண்களும் கணிப்பொறியில் ஏற்றப்பட்டன. அவற்றில் அடங்கிய நட்சத்திரங்கள் 46 லட்சம். இவ்வொப்பீட்டின் பயனாக 2000ஆம் ஆண்டில் வெளிவந்த டைக்கோ-2 என்னும் அட்டவணை, 25 லட்சம் நட்சத்திரங்களின் நகர்வைத் தந்தது. பேகம்பேட்டையில் எழுதப்பட்ட எண்களும் அதில் கலந்துள்ளன. எழுதியவர்கள் காலமாகி நெடுநாள் ஆனபின் அவர்கள் வேலை முற்றுப்பெற்றது எனலாம்.

பின்வந்த தலைமுறை

நிஜாமியா நிலையத்தின் உதவியாளர் ஒருவரின் மகன், சிறுவயது முதல் அங்குள்ள தொலைநோக்கிகளுடன் பழகி வளர்ந்தார். அவரே வேணு பாப்பு. நிஜாம் கல்லூரியில் பயின்றபின் ஹார்வர்டு சென்ற அவர், 1949இல் அங்கு மாணவராக இருக்கையில் வால்நட்சத்திரம் ஒன்றைக் கண்டறிந்தார். பின்னர் தமிழ்நாட்டில் ஜவ்வாது மலைப் பகுதியிலுள்ள காவலூரைத் தேர்ந்தெடுத்து வானாராய்ச்சி நிலையத்தை நிறுவினார். அங்கு 1972இல் அமைக்கப்பட்ட ஒரு மீட்டர் தொலைநோக்கி, 1977 மார்ச் 10ஆம் தேதி யுரேனஸின் வளையங்கள் கண்டுபிடிக்கப்பட்ட நிகழ்ச்சியைப் பதிவு செய்த கருவிகளுள் ஒன்றாகும். அங்கேயே நிறுவப்பட்ட 2.3 மீட்டர் தொலைநோக்கிக்கு, அவர் மறைந்தபின் 1986இல் அவர் பெயரே சூட்டப்பட்டது.

இருளும் ஒரு கருவியே

பேகம்பேட்டை நிலையத்தின் வரலாற்றில் கவனிக்க வேண்டிய மற்றொரு செய்தி உண்டு. நகரம் வளர வளர அதன் விளக்கொளியும் வளர்ந்தது. காற்றிலுள்ள தூசியும் நீராவியும் அவ்வொளியைச் சிதறடிப்பதால் வானமே வெளுத்துவிடுகிறது. வெளுத்த வானத்தில் மங்கிய நட்சத்திரம் மறைந்துபோகிறது. தொலைநோக்கியைப் பெரிதாக்குவதால் இக்குறை நீங்காது. பெரிய கருவி நட்சத்திர ஒளியுடன் நகர வெளிச்சத்தையும் சேர்த்தே திரட்டும்.

ஆகவே உஸ்மானியாப் பல்கலைக்கழகம் தன் 48 அங்குல ஆடித் தொலைநோக்கியை நகருக்கு வெளியே, ஏறத்தாழ 50 கிலோமீட்டர் தொலைவிலுள்ள ஜபல்-ரங்காபூரில் அமைத்தது. 1968இல் அது இயங்கத் தொடங்கியது. 1980 பிப்ரவரி 16ஆம் தேதி நிகழ்ந்த முழுச் சூரிய கிரகணத்தின் பாதையில் அவ்வூரும் அமைந்திருந்ததால், விஞ்ஞானிகள் பலர் அங்குக் கூடினர். பேகம்பேட்டையில் பழைய கருவிகள் இயங்குவது நின்றுவிட்டது. அவ்வளாகத்தில் இப்போது பொருளாதார, சமூக ஆராய்ச்சிக்கான நிறுவனம் ஒன்று செயற்படுகிறது. நிஜாமியா என்ற பெயர் முகவரியில் மட்டும் வழங்குகிறது.

பேகம்பேட்டையிலிருந்து வடமேற்கே 10 கிலோமீட்டருக்கும் குறைவான தொலைவில் உள்ளது குகட்பள்ளி. தகடுகள் எடுக்கப்பட்ட காலத்தில் அது நகருக்கு அப்பாற்பட்ட ஒரு கிராமம். இன்று அடுக்குமாடிக் கட்டடங்களும் கடைவீதிகளும் நெருங்கிய நகர்ப் பகுதி. மாடியில் நின்று நோக்கும் மாணவனுக்குச் சில கிரகங்களும் பிரகாசமான சில நட்சத்திரங்களுமே தெரிகின்றன. பால்வீதியை அவன் புத்தகத்தில் மட்டுமே பார்க்க முடிகிறது.

இந்நிலையைத் தடுப்பது இயலாத காரியமன்று. லடாக்கில் 4,500 மீட்டர் உயரத்திலுள்ள ஹான்லேயில் இரண்டு மீட்டர் தொலைநோக்கி ஒன்று 2000ஆம் ஆண்டு முதல் இயங்குகிறது. அதனைச் சுற்றியுள்ள பகுதி 2022இல் இருள் வானக் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. விளக்குகளுக்கு மூடியிடுதல், சன்னல்களுக்குத் திரையிடுதல் போன்ற எளிய வழிகளை அங்குள்ள கிராம மக்கள் கடைப்பிடிக்கின்றனர்.

ஆசிரியர்களும் களப்பணியாளர்களும் செய்யக்கூடியது

தொலைநோக்கி இல்லாத பள்ளியிலும் பயனுள்ள பதிவு ஒன்றைத் தொடங்கலாம். டிசம்பர் முதல் மார்ச் வரை, நிலவில்லாத தெளிந்த இரவில், மிருகவியாதன் என்னும் நட்சத்திர உருவை நோக்குக. திருவாதிரை அதன் ஒரு மூலையில் செந்நிறமாக ஒளிர்கிறது. நான்கு மூலைகளிலும் உள்ள நட்சத்திரங்களை விட்டு, உள்ளே தெரியும் நட்சத்திரங்களை எண்ணுக. எண்ணுவதற்கு முன் கண்கள் இருளுக்குப் பழக 15 நிமிடம் காத்திருத்தல் வேண்டும். குகட்பள்ளி போன்ற இடத்தில் நடுவில் வரிசையாக உள்ள மூன்று நட்சத்திரங்களும் மற்றும் ஒன்றிரண்டுமே தெரியலாம். நகரொளி எட்டாத சிற்றூரில் அதே மாணவன் அவற்றைப்போல் பல மடங்கு எண்ணுவான். களப்பணியாளர் தாம் செல்லும் ஊர்தோறும் இதனைச் செய்து பள்ளிகளுக்குத் தெரிவிக்கலாம்.

இடம், தேதி, மணி, மேக நிலை, எண்ணியவர் பெயர், எண்ணிக்கை ஆகியவற்றை ஒரே குறிப்பேட்டில் எழுதி வருதல் அவசியம். தெருவிளக்கிற்கு மேல்மூடி இட்டபின் எண்ணிக்கை மாறியதா என்பதையும் குறிக்கலாம். வீணாக வானை நோக்கிச் செல்லும் ஒளிக்கும் நாம் மின்கட்டணம் செலுத்துகிறோம் என்பதை மாணவர்கள் இதன் வழியே கணக்கிட்டு அறியலாம்.

ஓர் ஆண்டின் எண்ணிக்கை பெரிதாக எதையும் கூறாது. பத்து ஆண்டுகளின் எண்ணிக்கை, அவ்வூரின் வானம் எவ்வாறு மாறியது என்பதைக் கூறும். தேதியிட்டு ஒழுங்காக எழுதப்பட்ட அளவு, எழுதியவர் அறியாத பயன்களுக்கும் உதவும். ஆதலால் குறிப்பேடு ஆசிரியருடன் மாற்றலாகிச் செல்லாமல், பள்ளியிலேயே பாதுகாக்கப்படுதல் வேண்டும்.